இரங்கல்: ஒரு சத்தத்தோட கதை

கொஞ்ச நாளா ஒரு இங்கிலீஷ் வார்த்தை என் உயிரை வாங்கிக்கிட்டு இருக்கு. ஆபீஸ்ல ஆணி ஜாஸ்தி, அதான் ரெண்டு மாசமா இந்தப் பக்கம் வர முடியலை. ஆனா இந்த வாட்டி ஆணியே பதிவுக்கு மேட்டரும் குடுத்துடுச்சு.

நான் பொட்டி தட்டுறது சப்டைட்டில் சம்பந்தப்பட்ட ஒரு மென்பொருளுக்காக. வசனம் மட்டும் இல்லை, காது கேளாதவங்களுக்காகப் படத்துல வர்ற சத்தத்தையும் எழுத்துல போடணும். "கதவு கிறீச்சிடுகிறது", "தூரத்தில் நாய் குரைக்கிறது" இந்த ரகம். இங்கிலீஷ்ல இதை எழுதுறவங்க சில பேரு உள்ளுக்குள்ள கவிஞருங்க போல. ஒரு காட்சியில செல்லோ வாசிக்கிற இடத்துல "ப்ளாஞ்சன்ட்" இசைன்னு போட்டிருந்தாங்க. மொழிபெயர்ப்பு எஞ்சின் அதைச் "சோக இசை"ன்னு துப்புச்சு. சரின்னு விட்டேன். அடுத்த படத்துல அதே வார்த்தை கடல் அலைக்கு வந்துச்சு. எஞ்சின் சொன்னது "சோகமான அலைகள்". இன்னொண்ணுல சர்ச் மணிக்கு வந்துச்சு, அதுக்கு "உரத்த மணி". ஒரே சொல்லு, மூணு இடம், மூணுமே அரைகுறை.

அகராதியைப் புரட்டினா ரெண்டு அர்த்தம் போட்டிருக்கு. ஓங்கி அதிர்ந்து ஒலிக்கிற சத்தம்னு ஒண்ணு. துக்கம் தொனிக்கிற சத்தம்னு இன்னொண்ணு. இங்கிலீஷ்காரங்களே தினப்படி பேச்சுல இதைப் புழங்குறதில்லை. இசை விமர்சனம், புத்தக விமர்சனம், கவிதைன்னு எப்பவாவது எட்டிப் பார்க்கிற சொல்லு. ஆனா நல்லா எழுதுறவங்க கையில மாட்டினா ரெண்டு அர்த்தமும் ஒட்டிக்கிட்டே வரும். வெறும் இரைச்சலா இருந்தா பத்தாது, மெதுவா முனகினாலும் பத்தாது. ஓங்கி அடிக்கணும், அடிக்கிற அடியில மனசு கனக்கணும்.

இதோட பூர்வீகம் லத்தீன். பிளாங்கெரேன்னு ஒரு வினைச்சொல், அடி, அறைன்னு பொருள். ரோமாபுரியில சாவு வீட்டுப் பொம்பளைங்க நெஞ்சுல அறைஞ்சுக்கிட்டு அழுவாங்க. அதனால அதே சொல்லுக்குப் புலம்புன்னும் பொருள் ஏறிடுச்சு. 17ஆம் நூற்றாண்டு வாக்குல இங்கிலீஷுக்குள்ள வந்தப்ப ரெண்டையும் சுமந்துக்கிட்டுதான் வந்துச்சு. கரையில வந்து அறையுற அலைக்கு அதைப் போட்டாங்கன்னா காரணம் இதான்.

சொந்தபந்தமும் பெருசு. நாம தினமும் பண்ற கம்ப்ளெயின்ட், கோர்ட்ல வழக்கு போடுற ப்ளெயின்டிஃப், ஊரையே அடிச்சிட்டுப் போற ப்ளேக், எல்லாம் இந்த அடிக்கிற வேர்ல முளைச்சதுதான். பிரெஞ்சுல புகாருக்குப் பேரு ப்ளேந்த். 1954 நவம்பர் 1 வரைக்கும் எங்க ஊருல பிரெஞ்சு ஆட்சிதானே, போலீஸ்ல எழுதிக் குடுக்கிற புகாருக்கு அதான் பேரு. நெஞ்சுல அடிச்சிக்கிட்டுப் போய் நிக்கிறதுங்கறது அந்தப் பேருக்குள்ளயே இருக்கு பாருங்க. (பாகூரும் வில்லியனூரும் 1880 மார்ச் 12ஆம் தேதி ஆணைப்படி கொம்யூன் ஆன ஊருங்க. பிரெஞ்சுக்காரன் போயிட்டான், "கொம்யூன் பஞ்சாயத்து"ன்னு போர்டு மட்டும் இன்னும் நிக்குது.)

ரோம்ல கூலி வாங்கிட்டு அழுற பொம்பளைங்களும் இருந்தாங்க, ப்ரைஃபிகான்னு பேரு. இதைப் படிச்சதும் எனக்குச் சிரிப்பு வந்துடுச்சு. நம்ம ஊர்ல "கூலிக்கு மாரடிக்கிறது"ன்னு சொல்றோமே, அச்சு அசல் அதேதான். மாசக் கடைசியில டைம்ஷீட் போடுற எல்லா சாஃப்ட்வேர்காரனுக்கும் இந்தப் பழமொழி நல்லாப் புரியும் :-)

சரி, தமிழ்ல இதுக்குச் சொல்லு என்ன? கணீர்னு சொல்லலாம், ஆனா கணீர்ல துக்கம் இல்லை. சோகம்னா அதுல சத்தம் இல்லை. ஓலம்னு போடலாம், அது மனுஷக் குரலுக்குத்தான் பொருந்தும், செல்லோவுக்குப் போட்டா யாரோ கத்துற மாதிரி இருக்கும். இன்ஜினியரிங் சேர்ந்ததோட தமிழ் இலக்கணத்துக்கு ஒரு கும்பிடு போட்டவன் நான். இருந்தாலும் வேற வழியில்லாம தொல்காப்பியத்தைத் திறந்தேன். சொல்லதிகாரத்துல உரியியல்னு ஒரு பகுதி.

உரிச்சொல்னதும் பள்ளிக்கூடத்துல நனி, தவ, சாலன்னு ஒப்பிச்சது ஞாபகம் வரும். தொல்காப்பியர் கணக்கே வேற. இசை, குறிப்பு, பண்பு இந்த மூணுலேர்ந்து வர்ற சொல்லுங்களை உரிச்சொல்ங்கறார். முதல்ல வர்றதே இசை, அதாவது சத்தம். அந்த இயலோட வேலை என்னன்னா, புழக்கத்துல இல்லாத சொல்லைப் புழக்கத்துல இருக்கிற சொல்லோட சேர்த்துவச்சு பொருள் சொல்றது. அதாவது, அவர் காலத்துலயே அரிதாப் போன சொல்லுங்களுக்கு ஒரு குட்டி அகராதி.

அதுல சத்தத்துக்குன்னு ரெண்டு கூட்டம் இருக்கு. கம்பலை, சும்மை, கலி, அழுங்கல் இந்த நாலும் அரவம், நம்ம பாஷையில இரைச்சல். துவைத்தல், சிலைத்தல், இயம்பல், இரங்கல் இந்த நாலும் இசை, அதாவது ஒலிக்கிறது. இது வரைக்கும் சாதாரண பட்டியல்தான். ஆனா ஒவ்வொரு கூட்டத்துக்கும் அடுத்தாப்புல ஒரு சின்ன சூத்திரம் போட்டு, நாலுல ஒண்ணை மட்டும் தனியா எடுத்து, இதுக்கு இன்னொரு பொருளும் உண்டுங்கறார். முதல் கூட்டத்துல அழுங்கல். அது இரைச்சல் மட்டும் இல்லை, இரக்கமும் கேடும் கூட. ரெண்டாவது கூட்டத்துல இரங்கல். அது ஒலி மட்டும் இல்லை, கைவிட்டுப் போன ஒண்ணை நெனச்சு வருந்துறதும் கூட.

எனக்கு அந்த இடத்துல தூக்கிவாரிப் போட்டுச்சுங்க. லத்தீன்காரனுக்கும் நம்மாளுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. ரெண்டு பேரும் தனித்தனியா, ஒரே சொல்லுக்குள்ள ஓங்கின சத்தத்தையும் துக்கத்தையும் சேர்த்து வச்சிருக்காங்க. அதுலயும் வித்தியாசம் உண்டு. லத்தீன் சொல்லுக்கு மூலம் அடி. கை நெஞ்சுல படுற அடி. இரங்கலுக்கு அப்படி இல்லை, ஒலிக்கிறதுதான் அங்க ஒரு பொருளா நிக்குது. சங்கப் பாட்டுல முரசு இரங்கும், கடல் இரங்கும். ஜெயிச்ச ராஜாவோட முரசும் இரங்கத்தான் செய்யும், அதுல ஒப்பாரி எதுவும் கிடையாது. அதிர்றது, முழங்குறது, அவ்வளவுதான்.

அப்புறம் அகத்திணைக்கு வாங்க. குறிஞ்சிக்குப் புணர்தல், முல்லைக்கு இருத்தல்னு அஞ்சு நிலத்துக்கும் அஞ்சு உரிப்பொருள். கடலும் கடல் சார்ந்த இடமுமான நெய்தலுக்கு உரிப்பொருள் என்ன? இரங்கல். பரீட்சைக்கு இதை நாம எல்லாரும் எழுதி மார்க் வாங்கியிருக்கோம். தலைவன் வரலை, தலைவி வருந்துறாள், அதனால இரங்கல்னு வாத்தியார் சொன்னார், எழுதினோம். கடலோட சத்தத்துக்கும் அதே பேருதான்னு அந்த வகுப்புல யாரும் சொல்லலை. அது தெரிஞ்சப்புறம் நெய்தல் பாட்டு எல்லாமே வேற மாதிரி கேக்குது. கடலும் இரங்குது, அவளும் இரங்குறாள். ரெண்டுக்கும் வேற வேற வினைச்சொல் தேவைப்படலை.

நேர்ல கேக்கணும்னா பாகூர் கொம்யூன்லயே மணப்பட்டுப் பக்கம் போங்க. சவுக்குத் தோப்பைத் தாண்டினா கடல். ராத்திரியில நல்லாக் கேக்கும். எங்க பக்கம் "கடல் எரையுது"ம்பாங்க. அலை உடையும்போது உள்ள மாட்டிக்கிற காத்துக் குமிழிங்க அதிர்றதுதான் அந்த இரைச்சல்ல பெரும்பங்கு. ராத்திரியில தரையொட்டின காத்து குளிர்ந்து, மேல் காத்து சூடா இருந்தா, மேல போற ஒலி வளைஞ்சு கீழ இறங்கும். அதனாலதான் பகல்ல கேக்காத கடல் ராத்திரி உள்ளூர்க் கிராமம் வரைக்கும் கேக்குது. பௌதிகம் அவ்வளவுதான். ஆனா படகு திரும்பாத ராத்திரியில அதையே கேட்டுக்கிட்டு உக்காந்திருக்கிறவங்களுக்கு அது குமிழி அதிர்வா கேக்காது இல்லையா.

ஆக, ப்ளாஞ்சன்ட்டுக்குச் சொல்லு கிடைச்சாச்சுன்னு சந்தோஷமா "இரங்கும் இசை"ன்னு போட்டு அனுப்பினேன். ரிவ்யூவுல ஒரு புண்ணியவான் அதை "இறங்கும் இசை"ன்னு திருத்தி, "எழுத்துப்பிழை சரிசெய்யப்பட்டது"ன்னு குறிப்பும் போட்டுத் திருப்பி அனுப்பினார். இசை படிக்கட்டுல இறங்குது போல.

கோபம் வந்தாலும் அவரைச் சொல்லிக் குத்தமில்லை. இந்தச் சொல்லு இன்னிக்கு எங்கெல்லாம் உயிரோட இருக்குன்னு எண்ணிப் பாருங்க. இரங்கல் கூட்டம், இரங்கல் செய்தி, இரங்கல் தீர்மானம், இரங்கற்பா. "மனம் இரங்கி" உதவுறது. இவ்வளவுதான். சத்தம் முழுசா போயிடுச்சு. சட்டசபையில இரங்கல் தீர்மானம் வாசிச்சிட்டு என்ன பண்றாங்க? எழுந்து நின்னு ரெண்டு நிமிஷம் மௌனமா இருக்காங்க. முரசும் கடலும் போட்ட முழக்கத்துக்குப் பேரா இருந்த சொல்லு, இன்னிக்கு வாயை மூடிக்கிட்டு நிக்கிறதுக்குப் பேரா ஆயிடுச்சு. பொருள் நேர் எதிரா திரும்பின சொல்லுங்க எல்லா மொழியிலும் உண்டு. ஆனா இவ்வளவு முழுசா திரும்பினது அபூர்வம்னு நெனைக்கிறேன்.

இந்த மௌனமும் நம்ம ஊர் சரக்கு இல்லை. முதல் உலகப் போர் முடிஞ்சு ஒரு வருஷம் கழிச்சு, 1919 நவம்பர் 11ஆம் தேதி, அஞ்சாம் ஜார்ஜ் கேட்டுக்கிட்டபடி பிரிட்டிஷ் சாம்ராஜ்யம் முழுக்க ரெண்டு நிமிஷம் எல்லாத்தையும் நிறுத்தி நின்னாங்க. பிரெஞ்சுக்காரங்க கிட்டயும் அந்தப் பழக்கம் வந்துச்சு. புதுச்சேரி கடற்கரைச் சாலையில 1938ல திறந்த போர் நினைவுச் சின்னத்துல இன்னிக்கும் மலர் வளையம் வச்சு, பிகிள் ஊதி, அமைதியா நிப்பாங்க. ரிட்டயர்டு சொல்தாக்கள் பதக்கம் மாட்டிக்கிட்டு வருவாங்க. (சொல்தான்னா பிரெஞ்சுப் பட்டாளத்துக்காரர். புதுச்சேரிக்காரங்களுக்கு விளக்கம் தேவையில்லை, மத்தவங்களுக்காக.) அந்த நிகழ்ச்சியை நான் குறை சொல்ல வரலை. ஆனா நடு ராத்திரியில தெருவே அதிர அழுத ஒரு ஊருக்கு, துக்கம்னா சத்தம் போடக்கூடாது, அதான் மரியாதைன்னு ஒரு எண்ணம் இந்த நூறு வருஷத்துல ஏறியிருக்கு. அபார்ட்மென்ட்ல சாவு விழுந்தா அசோசியேஷன்ல இருந்து வந்து மெதுவா அழச் சொல்ற காலம் இது.

சொல்லுக்கு நடந்தது இது. அந்தச் சத்தத்தைப் போட்ட கருவிக்கு என்ன ஆச்சுன்னு பார்த்தா, அது இன்னும் பெரிய கதை.

தொல்காப்பியம் ஒவ்வொரு நிலத்துக்கும் உள்ள கருப்பொருளை அடுக்கும்போது தெய்வம், உணவு, மரம், பறவையோட பறையையும் சேர்க்குது. ஒரு நிலம்னா அதுக்குன்னு ஒரு பறை இருந்தே ஆகணும். குறிஞ்சிக்குத் தொண்டகம், முல்லைக்கு ஏறுகோட்பறை, நெய்தலுக்கு மீன்கோட்பறை, மருதத்துக்கு நெல்லரிகிணைன்னு உரைகாரங்க பட்டியல் போடுறாங்க. நெல்லு அறுக்க ஒரு பறை, மீன் வந்தா ஒரு பறை. புதுச்சேரியோட நெற்களஞ்சியம்னு பேரெடுத்த பாகூர்ல இன்னிக்கு நெல்லு அறுக்கிறப்ப கேக்கிறது ஹார்வெஸ்டர் மிஷின் சத்தம் மட்டும்தான். அது வேற விஷயம், அதுல எனக்கு வருத்தம் இல்லை. வெயில்ல குனிஞ்சு அறுத்தவங்களுக்குத் தெரியும் அந்த மிஷினோட அருமை.

புறநானூறு 194ஆம் பாட்டு, பாடினவர் பக்குடுக்கை நன்கணியார். விஷயம் இதுதான். ஒரு வீட்டுல சாவுப் பறை கேக்குது, இன்னொரு வீட்டுல கல்யாண முழவு கேக்குது. ஒரு வீட்டுல பூ வச்சிருக்காங்க, இன்னொரு வீட்டுல கண்ணுல தண்ணி. இப்படி ஒரு உலகத்தைப் படைச்சவனைத் திட்டுறார் மனுஷன். பாட்டை விடுங்க, நான் கவனிச்சது அந்தச் சாவுப் பறையோட பேரை. நெய்தல்! கடற்கரை நிலத்தோட அதே பேரு. இரங்கலை உரிப்பொருளா வச்சிருக்கிற நிலமும், சாவு வீட்டுல அடிக்கிற பறையும் ஒரே பேருல இருக்கு. கடல், பறை, ஒப்பாரி மூணும் அந்தக் காலத்துக் காதுக்கு ஒரே வகைச் சத்தமா கேட்டிருக்கணும்ங்கறது என் கட்சி. இன்னொண்ணு, அந்தப் பாட்டுல ரெண்டு வீட்டு மேளமும் ஒரே ஊருல, ஒரே நேரத்துல கேக்குது. ஒண்ணு உசத்தி, ஒண்ணு மட்டம்னு அதுல எங்கயும் இல்லை.

பறைன்னா சொல்லுன்னும் பொருள். மலையாளத்துல இன்னிக்கும் பேசுறதுக்கு அதான் சொல்லு, நம்ம கிட்ட "பறைசாற்று"ன்னு ஒட்டிக்கிட்டு இருக்கு. சேதி சொல்லணும்னா மேளம் அடிக்கணும். 18ஆம் நூற்றாண்டுப் புதுச்சேரியிலயும் அப்படித்தான். ஆனந்தரங்கப் பிள்ளை 1736லேர்ந்து 1761 வரைக்கும் எழுதின நாட்குறிப்புல கும்பினி உத்தரவு ஜனங்களுக்குப் போனது தமுக்கு அடிச்சுத்தான். கப்பல் வந்தா, கவர்னர் வந்தா எத்தனை பீரங்கி போட்டாங்கன்னு எண்ணி எழுதுவார் பிள்ளை. ஒரு ஊரோட சத்தத்தைக் கணக்கெடுத்து எழுதி வச்சிட்டுப் போன ஆளு நம்மாளு. யாருக்கு எத்தனை குண்டு போடணும்ங்கறதுதான் அன்னிக்கு மரியாதைக்கு அளவுகோல்.

பீரங்கி மரியாதை ஆச்சு, பறை தீட்டு ஆச்சு. அடிக்கிற வேலையை ஒரு சாதி தலையில கட்டி, தோலைத் தொட்டதால நீ கீழன்னு சொல்லி, சாவுக்கும் செத்த மாட்டுக்கும் மட்டும் கூப்பிட்டு, வாசலுக்கு வெளிய நிக்க வச்சது நம்ம ஊருங்க. பறையர்ங்கற பேரு பறையிலேர்ந்து வந்துச்சுன்னு பரவலா சொல்லுவாங்க. அயோத்திதாசப் பண்டிதர் (1845-1914) அதை ஒத்துக்கலை, பௌத்த வரலாறு வழியா வேற விளக்கம் சொன்னார். எது எப்படியோ, அந்தப் பேரு போர்த்துகீசியர் வாய் வழியா ஐரோப்பாவுக்குப் போயி, இங்கிலீஷ்ல பரையா, பிரெஞ்சுல பாரியான்னு ஆயி, ஒதுக்கி வைக்கப்பட்டவன்னு பொருளாயிடுச்சு. 1821ல காசிமிர் தெலவின்ங்கறவர் எழுதின "லெ பாரியா" நாடகம் பாரிஸ்ல மேடையேறிச்சு. உலகத்துக்கே நாம குடுத்த தமிழ்ச் சொல்லுன்னு கட்டுமரத்தையும் மிளகுத்தண்ணியையும் பெருமையா சொல்லிக்கிறோம். இதையும் நாமதான் குடுத்தோம். அந்தப் பட்டியல்ல இதை மட்டும் யாரும் சேர்க்கிறதில்லை.

காலேஜ் பஸ்ல எங்கூட நாலு வருஷம் வந்தவன் ஒருத்தன். அவங்க அப்பா பறை அடிச்சவர். ஒரு தடவை நான் பறையோட டெக்னிக்கல் சமாசாரத்தை விட்டு அளந்துக்கிட்டு இருந்தேன். வேப்ப மரச் சட்டத்துல கன்னுக்குட்டித் தோல், வைக்கோல் தீயில காய்ச்சினா ஈரம் போயி தோல் இறுகும், இழுவிசை நாலு மடங்கு ஏறினா அதிர்வெண் ரெண்டு மடங்கு ஏறும், வலது கையில அடிக்குச்சி, இடது கையில நீட்டமா மெல்லிசா சிம்புக்குச்சி, அதனாலதான் அந்தக் கூர்மையான சத்தம் அவ்வளவு தூரம் போகுதுன்னு. எல்லாத்தையும் கேட்டுட்டு அவன் சொன்னான்: "உனக்கு அது சவுண்டுடா. எங்க அப்பாவுக்கு அது 'டேய் வாடா'ங்கற உத்தரவு." அவன் பறையைத் தொட்டதே இல்லை, தொடவும் மாட்டேன்கிறான். அவன் தங்கச்சி முறையா கத்துக்கிட்டு இப்ப மேடையில அடிக்குது. வீட்டுல ரெண்டு பேருக்கும் இது விஷயமா இன்னும் சண்டை தீரலை. ரெண்டு பேர் சொல்றதும் எனக்கு நியாயமாத்தான் படுது. அப்பாவை அடிமைப்படுத்தின கருவியை வீசி எறியறதும் விடுதலைதான், அதைப் பிடுங்கி மேடைக்குக் கொண்டு போறதும் விடுதலைதான்.

எங்க ஆயா ஒப்பாரிக்குப் பேர் போனவங்க. பாகூர் சுத்துப்பட்டுல எந்த வீட்டுல சாவுன்னாலும் ஆயா வந்தாத்தான் அழுகை களை கட்டும்பாங்க. ஒப்பாரிங்கறது வாயில வந்ததைக் கத்துறது இல்லை, ஒப்புச் சொல்லி அழுறது. செத்தவரை எதுக்கு ஒப்பிடணும், எந்த இடத்துல இழுக்கணும், எங்க பொசுக்குனு முறிக்கணும்னு ஒரு கணக்கு உண்டு. ஆம்பளை முன்னாடி வாயே திறக்காத அந்தத் தலைமுறைப் பொம்பளைங்க, புருஷன் குடிச்சதையும் மாமியார் கொடுமையையும் ஊர் நடுவுல வச்சு சொன்னது அங்க மட்டும்தான். புகார்ங்கற பிரெஞ்சுச் சொல்லுக்கும் நெஞ்சடிக்கிறதுக்கும் ஒரே வேர்னு மேல சொன்னேனே, ஆயாவுக்கு அதை விளக்கிச் சொல்ல வேண்டிய அவசியமே இருந்திருக்காது.

அப்படி ஊருக்கெல்லாம் அழுத ஆயா 2018ல தவறிப்போனப்ப, அழுறதுக்கு வீட்டுல யாருக்கும் பாட்டு தெரியலை. ஐஸ் பெட்டி கம்ப்ரசர் உறுமிக்கிட்டு இருந்துச்சு. பந்தல்ல ஸ்பீக்கர் கட்டி, பென் டிரைவ்ல யாரோ பாடின ஒப்பாரியைப் போட்டு விட்டிருந்தாங்க. நடுவுல பாட்டு மாறும்போது ரெண்டு செகண்டு அமைதி. அம்மா ஒரு மூலையில கண்ணைத் துடைச்சிக்கிட்டு உக்காந்திருந்தாங்க. மத்தியானம் தூக்குற நேரத்துக்குப் பறை வந்துச்சு. தெருமுனையில வைக்கோலைக் கொளுத்திக் காய்ச்சிட்டு முதல் அடி விழுந்தது பாருங்க... ஸ்பீக்கரை யாரோ அமர்த்தினாங்க. அம்மா எழுந்து வந்து பெட்டி பக்கத்துல நின்னு நெஞ்சுல அடிச்சிக்க ஆரம்பிச்சாங்க. பாட்டு இல்லை, வார்த்தை இல்லை. பறை விழுற தாளத்துக்கே கை விழுந்துச்சு. பாக்கிப் பொம்பளைங்களும் சேர்ந்துக்கிட்டாங்க. அதுக்கு முன்னயும் பின்னயும் அப்படி ஒரு சத்தத்தை நான் கேட்டதில்லை. அடிக்கிறவங்க தெருமுனையைத் தாண்டி உள்ள வரலைங்கறதையும் அன்னிக்கு நான் பார்த்தேன். எங்க வீட்டுத் துக்கத்துக்கு உயிர் குடுத்த சத்தம் எங்க வாசலுக்கு முப்பதடி தள்ளியே நின்னுச்சு. காசை வாங்கிட்டுப் போறப்ப ஒரு பெரியவர் மட்டும் நின்னு, "ஆயா நல்லா அழுவாங்க தம்பி, நாங்க நிறுத்தினா எடுப்பாங்க, அவங்க நிறுத்தினா நாங்க எடுப்போம்"னு சொல்லிட்டுப் போனார். ரெண்டு பேரும் நாப்பது வருஷமா ஜுகல்பந்தி பண்ணியிருக்காங்க, ஒரே திண்ணையில உக்காராம.

நிலைமை மாறவே இல்லைன்னு சொல்லமாட்டேன். திண்டுக்கல்ல சக்தி கலைக்குழு 1990லேர்ந்து பொண்ணுங்க கையில பறையைக் குடுத்து மேடை மேடையா ஏத்துது. கல்யாண ஊர்வலத்துல, கட்சிக் கூட்டத்துல, கல்லூரி விழாவுல பறை சகஜமாயிடுச்சு. 2025 ஜனவரியில பத்மஸ்ரீ பட்டியல் வந்தப்ப அதுல ரெண்டு பேரு என் கண்ணுல பட்டாங்க. மதுரைப் பக்கத்துப் பறையிசைக் கலைஞர் வேலு ஆசான். எங்க புதுச்சேரியைச் சேர்ந்த தவில் வித்வான் தட்சணாமூர்த்தி. சாமி புறப்பாட்டுக்கும் தாலி கட்டுறதுக்கும் அடிக்கிற தவிலும், சாவுக்குன்னு ஒதுக்கி வச்ச பறையும் ஒரே வருஷத்துல, ஒரே பட்டியல்ல. நன்கணியார் பாட்டுல ஒரே ஊர்ல கேட்ட ரெண்டு மேளத்தையும் மறுபடி பக்கத்துப் பக்கத்துல பார்க்க இவ்வளவு காலம் ஆயிருக்கு.

தெருமுனையிலேர்ந்து வாசல் வரைக்கும் இருக்கிற அந்த முப்பதடிக்கு விருது எதுவும் அறிவிக்கலை.

கொசுறு: உரியியல்ல வர்ற கம்பலைங்கற சொல்லுக்கு நேரடி உதாரணம் வேணும்னா வைகாசியில வில்லியனூர் திருக்காமீசுவரர் கோயில் தேருக்கு வாங்க. பிரெஞ்சுக்காரன் காலத்துலேர்ந்தே கவர்னர் வந்து வடம் பிடிக்கிற தேரு அது, இப்ப துணைநிலை ஆளுநர் வந்து பிடிக்கிறார். சக்கரம் முனகுறது, முட்டுக்கட்டை போடுறவர் கத்துறது, பலூன்காரன் பீப்பி, போலீஸ் மைக்கு, நாதஸ்வரம் எல்லாம் ஒண்ணா கலந்து கேக்கும். அதுக்கு மேல அகராதி தேவையில்லை. சப்டைட்டில் போடச் சொன்னா மட்டும் என்னால முடியாது, ஆளை விடுங்க :-)